பூரணத்துக்கு ஒரு சீர் பாக்கி

சங்குமுனையில கடல் ஒண்ணுதான் தவசிலிங்கம் அண்ணாச்சிக்குச் சொந்தமில்லாதது. மத்தபடி நாங்க ஏறிப்போற பஸ்ஸு அவரோடது, குழம்புல போடுற உப்பு அவரோடது, அடுப்புப் பத்தவைக்கிற தீப்பெட்டி அவரோடது, தாலி கட்டுற மண்டபம் அவரோடது, செத்தா மேல போடுற கோடித்துணியும் அவரு ஜவுளிக்கடையிலதான் எடுக்கணும். எங்க ஊருல சாமிபடம் இல்லாத வீடுகூட ஒண்ணு ரெண்டு உண்டு, அந்தக் கம்பெனி காலண்டர் தொங்காத வீடு கிடையாது. காலண்டர்ல மேல அண்ணாச்சியும் அவரு வீட்டம்மா ராஜகனியும் சோடியா உக்காந்திருப்பாங்க, கீழ தேதி இருக்கும். நான் சலேத்து, அந்தக் கம்பெனியோட ஐஸ் பாக்டரியில இருபத்தஞ்சு வருசமா கேன் கழுவுறவ. நான் சொல்லுறத நம்பினா நம்புங்க, நம்பாட்டி உங்க வீட்டுப் பிரிட்ஜத் தெறந்து ஐஸ எடுத்துக் கடிச்சிக்கிட்டுப் போங்க, எனக்கு ஒரு நட்டமும் இல்ல.

அந்த வீட்டுல ஒரு வழக்கம் உண்டு. வயித்துல பிள்ள தங்கி ஏழு மாசமாகி வளைகாப்பு நடக்கும் பாருங்க, அன்னைக்கே அண்ணாச்சி ஒரு புதுத் தொழிலுக்கு அஸ்திவார வானம் தோண்டுவாரு. பிள்ள பிறந்து, தொப்புள்கொடி விழுந்து, பேரு வச்ச பெறவு, அந்தப் பேர எழுதின போர்டு அந்தத் தொழில் வாசல்ல ஏறும். ஆதிலிங்கம் பிறந்தாரு, ஆதிலிங்கம் பஸ் சர்வீஸ் ஓடிச்சு. தமயந்தி பிறந்தா, தமயந்தி எண்ணெய் மில் ஓடிச்சு. சித்திரவேல் பிறந்தாரு, சித்திரவேல் உப்பளத்துல வரப்பு கட்டினாங்க. "அந்த வீட்டுல பிள்ள அழுதா எங்கேயோ ஒரு மிஷின் ஓடும்"னு எங்க ஊருல பேச்சே உண்டு. ஆம்பளப்பிள்ள தொழிலு வீட்டோட இருக்கும், பொம்பளப்பிள்ள தொழிலு அவ கழுத்துல தாலி ஏறின அன்னைக்கே சீரோட சீரா மாப்பிள்ள ஊருக்குப் போயிரும். தமயந்தியக் கட்டிக்குடுத்தப்போ எண்ணெய் மில்லு மிஷினையெல்லாம் கழட்டி, பதினோரு லாரியில ஏத்தி, ஒவ்வொரு லாரி நெத்தியிலயும் மஞ்சளும் குங்குமமும் வச்சு, குலவை போட்டு அனுப்பினாங்க, நானும் நின்னு குலவை போட்டேன். "பொட்டப்பிள்ள பேருல உள்ள தொழில விக்கப்படாது, கட்டித்தான் குடுக்கணும்"னு அண்ணாச்சி ஆயிரம் தடவ சொல்லியிருக்காரு.

நாலாவதா ராஜகனியம்மா முழுகாம இருந்தப்பதான் அண்ணாச்சி அந்தத் தப்பப் பண்ணினாரு. ஜோசியரு பொம்பளப்பிள்ளன்னு சொல்லிட்டாரு, அண்ணாச்சியோட ஆத்தா பேரு பூரணம், அதையே வைக்கிறதா நேந்தும் வச்சிருந்தாரு, தொழிலு ஐஸ் பாக்டரின்னு முடிவாகி மிஷினும் வந்து எறங்கிருச்சு. மீன்பிடித் தடைக்காலம் முடியப்போகுது, நாள்கணக்குல கடல்லயே தங்குற தங்குகடலுக்குப் போற போட்டுக்காரங்க ஐஸுக்கு அலைஞ்சுக்கிட்டிருக்காங்க. பிள்ள பிறந்து பேரு வைக்கிற வரைக்கும் காத்திருந்தா சீசன் கைவிட்டுப் போயிரும்னு, வளைகாப்பு அன்னைக்கே "பூரணம் ஐஸ் பாக்டரி"ன்னு போர்ட ஏத்திட்டாரு. ராஜகனியம்மா கையில வளையலோட நின்னுக்கிட்டு, "பிள்ள வரட்டும்ங்க, பெறவு பேரு ஏறட்டும்"னு சொல்லிப் பாத்தாங்க. அண்ணாச்சி சிரிச்சாரு. "பேரு முன்னால போனா பிள்ள பின்னால வந்துட்டுப்போகுது" அப்படின்னாரு.

பிள்ள எட்டாம் மாசம் மூச்சில்லாம வந்துச்சு. செத்துப் பிறந்த பிள்ள முகத்தப் பாத்தா அது பாத்தவங்களத் தேடி வரும்னு எங்க பக்கம் ஒரு பயம். பிரசவம் பாத்தவங்க முகத்த அந்தப்பக்கம் திருப்பிக்கிட்டே வெள்ளத்துணியச் சுத்தி, அம்மாவுக்கு மயக்கம் தெளியறதுக்குள்ள கொண்டுபோயிட்டாங்க. பெத்தவளும் பாக்கல, பெத்தவனும் பாக்கல, குழி தோண்டினவனும் பாக்கல. போர்ட மட்டும் யாரும் எறக்கல, ஏத்தின போர்ட எறக்குனா தொழிலுக்கு ஆகாதுல்லா.

அதுக்குப் பதினாறாம் நாளு காலையில நான் கேன் கழுவிக்கிட்டிருந்தேன். ஐஸ் போடுறது எப்படின்னா, இரும்புக் கேன்ல நல்லதண்ணிய ரொப்பி, உப்புத்தண்ணித் தொட்டிக்குள்ள எறக்கி வச்சிருவாங்க, மிஷினு அந்த உப்புத்தண்ணியக் குளிரவச்சுக் குளிரவச்சு உள்ள இருக்கிற நல்லதண்ணியக் கல்லாக்கிரும். பெறவு கேனத் தூக்கி சாதாத் தண்ணியில ஒரு முக்கு முக்கினா, என் இடுப்பு உசரத்துக்கு ஐஸ் கட்டி, அதத்தான் பாருன்னு சொல்லுவோம், வழுக்கிக்கிட்டு வெளிய வரும். அன்னைக்கு வந்த ஒரு பாருல, நட்டநடுவுல, உள்ளேருந்து கண்ணாடிய அமுக்கிப் பாத்த மாதிரி ஒரு கை இருந்துச்சு. சின்னக் கை. என் கட்டைவிரல் நகத்தவிட அந்த உள்ளங்கை கொஞ்சம்தான் பெருசு, அஞ்சு விரலும் இருந்துச்சு, ரேகைகூட இருந்துச்சு. நான் மிஷின் ஓட்டுற மிக்கேலக் கூப்பிட்டேன். அவன் குனிஞ்சு பாத்துட்டு, "பிள்ள கைதான்" அப்படின்னுட்டு பீடிய எடுத்துக்கிட்டு வெளிய போயிட்டான். மறுநாளும் ஒரு பாருல வந்துச்சு. அதுக்கு மறுநாளும். தினம் ஒரே ஒரு பாரு, எந்தக் கேன்ல வரும்னு யாருக்கும் தெரியாது.

எங்க ஊரு அத எடுத்துக்கிட்ட விதத்தச் சொல்லணும். முதல் வாரம் பயந்தாங்க, ரெண்டாவது வாரம் வரிசையில நின்னாங்க. கை வந்த பார ஏத்திக்கிட்டுப் போன போட்டு பத்தாம் நாளு கரைக்கு வந்தப்போ சீலாமீனு செவுளு அப்பப் பிடிச்ச மாதிரி செவசெவன்னு இருந்துச்சுன்னா யாரு சும்மா இருப்பா? "கைக்கட்டி"ன்னு பேரு வச்சு, இன்னைக்கு உனக்கு நாளைக்கு எனக்குன்னு போட்டுக்காரங்க முறை போட்டாங்க, முறையில சண்டை வந்து மண்டை உடைஞ்சு, கோயில் பூசாரியும் எங்க சர்ச்சு சாமியாரும் சேர்ந்து உக்காந்து, ஞாயித்துக்கிழமை கை மட்டும் யாருக்கும் இல்ல, அது காய்ச்சக்காரப் பிள்ளைகளுக்குன்னு தீர்ப்புச் சொன்னாங்க. யாரோ மொட்டக்கடுதாசி போட்டு ஒரு ஆபீசரு சோதனைக்கு வந்தாரு, பாரச் சுத்திச் சுத்திப் பாத்தாரு, தண்ணியப் பாட்டில்ல பிடிச்சாரு, "பனிக்கட்டியில் ஒரு கை உள்ளது, மற்றபடி சுத்தமாக உள்ளது" அப்படின்னு எழுதிக் கையெழுத்துப் போட்டுட்டு, போகும்போது தன் மகளுக்குக் கணக்கு வரமாட்டேங்குதுன்னு சொல்லி அந்த ஐஸுல ஒரு துண்டு வாங்கிட்டுப் போனாரு.

கை வளந்துச்சு. அதுல என்ன அதிசயம், பிள்ளைன்னா வளராதா? வருசா வருசம் மிக்கேலு சுவத்துல கரிக்கோடு போட்டு அளந்து வச்சான். ஒரு தடவ கேன் தண்ணியில ரெண்டு கண்ணாடி வளையலப் போட்டுப் பாத்தேன், மறுநாளு பாருல வளையலக் காணோம், நாலாம் நாளு கைக்கட்டியில மணிக்கட்டோட வளையல் போட்ட கை வந்துச்சு. அதுலேருந்து நாங்க போடாதது இல்ல. கொலுசு போட்டோம், பள்ளிக்கூடம் போற வயசுல சிலேட்டுக்குச்சி போட்டோம், மருதாணி அரைச்சுப் போட்டோம், அந்த வாரம் பூராவும் விரல்நுனி செவந்து வந்துச்சு. பதிமூணு வயசுல ஒருநாளு காலையில தொட்டி பூரா அத்தனை பாரும் இளஞ்செவப்பா வந்து நின்னுச்சு. நாங்க பொம்பளைங்க ஒருத்தர ஒருத்தர் பாத்துக்கிட்டோம். பெறவென்ன, ஆம்பளைங்கள வெளிய தள்ளிக் கதவச் சாத்தினோம், தொட்டி மூலையில தென்னங்கீத்துல குச்சு கட்டினோம், பதினாறு நாளைக்கு மிக்கேலு ஜன்னலு வழியா கைய விட்டுத்தான் மிஷின ஓட்டினான், ஊரு பூரா புட்டு அவிச்சுக் கொண்டுவந்துச்சு. மாமன் சீர் பட்டுப்பாவாடையும் அந்தத் தொட்டிக்குள்ளதான் எறங்கிச்சு.

ராஜகனியம்மா நாப்பத்தொண்ணாம் நாளு தீட்டுக் கழிஞ்சு வந்தவங்க, பெறவு ஒரு நாளும் வராம இருந்ததில்ல. காலையில பதினோரு மணிக்கு வீட்டுல சமையல முடிச்சுட்டு வருவாங்க. கைக்கட்டிய நாங்க ஒதுக்கி, சாக்கு விரிச்சு வச்சிருப்போம். அம்மா உக்காந்து, அந்தக் கைக்கு நேரா தன் கைய வச்சு அமுத்துவாங்க, ஐஸு உருகி உருகிக் கைக்குக் கை எட்டுற வரைக்கும் எடுக்கமாட்டாங்க. எட்டினதும் அந்தக் கை கரைஞ்சிரும், இவங்க எந்திரிச்சுருவாங்க. கை மறைஞ்சாலும் அந்தப் பாருக்கு மவுசு குறையாது, போட்டுக்காரங்க வாசல்ல காத்து நின்னு ஏத்திக்கிட்டுப் போவாங்க. வருசக்கணக்கா இதப் பண்ணிப் பண்ணி அவங்க வலது உள்ளங்கை வெளுத்து, தொட்டா எந்நேரமும் சில்லுன்னு இருக்கும். ஒரு நாளு என்கிட்ட மட்டும் சொன்னாங்க: "கை இருக்குல்லா சலேத்து, அப்ப முகமும் இருக்கும்லா. எம்பிள்ள யாரு மாதிரி இருக்கான்னு எனக்குத் தெரியல. ஒரே ஒரு தடவ பாத்துட்டேன்னா போதும்." நான் நாலு பெத்தவ, நாலு முகத்தையும் தினம் பாத்துத் திட்டிக்கிட்டுக் கிடக்கிறவ.

அண்ணாச்சி மட்டும் தொட்டி இருக்கிற பக்கமே வந்ததில்ல. வாசல் வரைக்கும் வருவாரு, போர்ட அண்ணாந்து பாப்பாரு, போயிருவாரு. ரெண்டு வருசத்துக்கு முன்னால அவரு தவறிப்போனதும் மூத்தவரு ஆதிலிங்கம் தலையெடுத்தாரு. தப்பான ஆளில்ல, சும்மா சொல்லக்கூடாது, அப்பன் மாதிரி கணீர்ன்னு சிரிப்பாரு, வேலைக்காரங்க வீட்டுக் கல்யாணத்துக்கு முதல் ஆளா வருவாரு. ஆனா பஸ்ஸு ஓட்டம் குறைஞ்சுபோச்சு, தம்பியும் உப்பளத்தப் பிரிச்சுக் குடுன்னு நிக்காரு. அப்பதான் வடக்கேருந்து ஒரு கன்டெய்னர் கம்பெனிக்காரங்க வந்தாங்க. துறைமுகத்துக்கு ஒட்டினாப்புல எடம் வேணுமாம், அதுவும் ஐஸ் பாக்டரி நிக்கிற எடம்தான் வேணுமாம். கட்டடத்த இடிச்சு, தொட்டிய மண்ணடிச்சு மூடி, பெட்டி பெட்டியா அடுக்கப்போறாங்களாம்.

பொட்டப்பிள்ள தொழில விக்கப்படாதே, என்ன பண்ணுவாரு? மூணு நாளு யோசிச்சுட்டு நாலாம் நாளு அம்மாகிட்ட வந்து சொன்னாரு. அன்னைக்கு நான் பக்கத்துல இருந்தேன், அம்மா கை ஐஸு மேல இருந்துச்சு.

"அம்மா, பூரணத்துக்கு இருபத்தி நாலு வயசாச்சு. கட்டிக்குடுத்துருவோம்."

அம்மா நிமிந்து பாத்தாங்க.

"அந்தக் கம்பெனி மொதலாளிக்கு ஒரே மகன், குணசீலன்னு பேரு, இன்னும் கல்யாணமாகல. பேசிட்டேன். அவங்களுக்குச் சம்மதம். தாலி கட்டுவான், இந்த எடம் சீரா அவங்களுக்குப் போயிரும். அப்பா சொன்ன சொல்லும் நிக்கும்."

எனக்கு வந்த ஆத்திரத்துக்கு கையில இருந்த தேங்காநாரு பிரஷ்ஷ அவரு மேல எறிஞ்சிருப்பேன். "மொதலாளி, இது உங்களுக்கே நல்லாருக்கா? தொட்டிய மூடப்போறவனுக்குப் பொண்ணுக் குடுக்கிறதா?"ன்னு கேட்டுப்புட்டேன்.

"சலேத்தக்கா, நீங்க சும்மா இருங்க. ஒரு சடங்குதான" அப்படின்னாரு.

அம்மா ஐஸுல இருந்து கைய எடுத்து முந்தானையில தொடச்சாங்க. பெறவு கேட்டாங்க: "கல்யாணத்தன்னைக்குப் பொண்ணு முகத்த எல்லாரும் பாக்கணும்லாய்யா?"

"ஆமாம்மா."

"நானும் பாப்பேன்லா?"

"பாக்காம?" அப்படின்னுட்டாரு ஆதிலிங்கம், பஸ்ஸு லேட்டா வரும்னு சொல்லுற மாதிரி லேசா. அம்மா தலையாட்டிட்டாங்க. பெத்த மனம் பித்துன்னு சும்மாவா சொன்னாங்க?

பத்திரிகை அடிச்சாங்க. "எங்கள் இளைய குமாரத்தி செல்வி பூரணம்"னு தங்க எழுத்துல அடிச்சு, பஸ்ஸுக்குப் பஸ்ஸு, கடைக்குக் கடை குடுத்தாங்க, ஊருல ஒருத்தரும் இதென்ன கூத்துன்னு கேக்கல, முகூர்த்தம் எத்தனை மணிக்குன்னுதான் கேட்டாங்க. முகம் தெரியணும்னா ஆள் உசரத்துக்குப் பாரு வேணும்லா, அதனால பஸ் கம்பெனி வெல்டரு அஞ்சரை அடி உசரத்துல ஒரு தனிக் கேன் செஞ்சு குடுத்தாரு. அம்மா தன் கையால அதுல தண்ணி ரொப்பினாங்க. மஞ்சள் கிழங்கு போட்டாங்க, தன் கல்யாணக் கூரைப்பட்ட மடிச்சு உள்ள எறக்கினாங்க, தோடு, மூக்குத்தி, நெத்திச்சுட்டி, ஒட்டியாணம், ஒரு முழம் மல்லியப்பூ, எல்லாத்தையும் எறக்கினாங்க. மிக்கேலு அழுதுக்கிட்டே கேனத் தொட்டியில விட்டான். மூணு நாளு மிஷின நிப்பாட்டல. அந்த மூணு நாளும் மத்த எந்தப் பாருலயும் கை வரல.

முகூர்த்தம் காலையில ஒம்பதரைக்கு, தொட்டி இருக்கிற கொட்டகையிலயே பந்தல். வாழை கட்டி, மேளம் வச்சு, ஊரே உள்ள நின்னுச்சு, அத்தனை பேரு மூச்சும் குளிருல புகையா வந்துக்கிட்டிருந்துச்சு. மாப்பிள்ள குணசீலன் பட்டுவேட்டி கட்டிக்கிட்டுக் கூட்டாளிகளப் பாத்துச் சிரிச்சுக்கிட்டே வந்து மணையில உக்காந்தான். கிரேனு கேனத் தூக்குச்சு. முக்கினாங்க. பாரு வழுக்கிக்கிட்டு வெளிய வந்து மணைக்குப் பக்கத்துல நின்னுச்சு, மேளக்காரன் தன்னால நிறுத்திட்டான்.

உள்ள பொண்ணு நின்னா. மாதாவே, நான் பாத்தேன். கூரைப்பட்டுக் கட்டி, மல்லியப்பூ வச்சு, பின்னின சடை இடுப்புக்குக் கீழ எறங்கி, எங்களுக்கு முதுகு காட்டிக்கிட்டு நின்னா. எதுத்தாப்புல இருக்கிறவங்களுக்கு முகம் தெரியும்னு நாங்க அந்தப்பக்கம் ஓடினோம், அங்கயும் முதுகுதான் தெரிஞ்சுச்சு. அந்தப்பக்கம் நின்னவங்க இந்தப்பக்கம் ஓடி வந்தாங்க, இங்கயும் சடையும் முதுகும்தான். நாலு பக்கமும் ஆளு நின்னுச்சு, நாலு பக்கத்துக்கும் அவ முதுகைக் காட்டிக்கிட்டு நின்னா. மாப்பிள்ளயோட கூட்டாளிங்க சிரிப்ப நிறுத்திட்டாங்க. ஒரு கைக்குழந்த வீறிட்டு அழுதுச்சு, யாரோ வாயப் பொத்தினாங்க.

ஐயரு சட்டுப்புட்டுன்னு முடிக்கணும்னு நினைச்சாரு போல. "தாரை வாக்கணும், பொண்ணோட அண்ணா வாங்கோ, அம்மா தீர்த்தத்த எடுத்துக்கோங்கோ" அப்படின்னாரு. அப்பா இல்லாத எடத்துல அண்ணன்தான் தங்கச்சி கையப் பிடிச்சு மாப்பிள்ள கையில வைக்கணும், வச்ச கை மேல அம்மா தண்ணிய ஊத்தணும், ஊத்திட்டா பொண்ணு அடுத்த வீட்டுக்காரி, பெறவு பேச்சில்ல. ஆதிலிங்கம் முன்னால வந்தாரு. பாருக்குப் பக்கவாட்டுல வளையல் போட்ட கை ஒண்ணு வந்து அமுங்கி நின்னுச்சு, இருபத்தி நாலு வருசமா நாங்க பாத்துக்கிட்டு வந்த அதே கை. அவரு மாப்பிள்ள கையப் பிடிச்சு அதுக்கு நேரா ஐஸு மேல வச்சு, தன் கையையும் மேல வச்சுக்கிட்டாரு. அம்மா வெள்ளிச் சொம்பத் தூக்கிக்கிட்டு வந்து நின்னாங்க.

"பூரணம்" அப்படின்னாங்க. நான் இத்தனை வருசத்துல அவங்க அந்தப் பேரச் சொல்லிக் கேட்டதே இல்ல, "ஏட்டி"ம்பாங்க, "எம்மா"ம்பாங்க, அந்தப் பேரு போர்டுல இருக்கிற பேரு. "பூரணம், உங்க அண்ணன் உன்னக் கட்டிக்குடுக்கான். இந்தத் தண்ணி விழுந்துட்டா நான் உன்னத் தேடி வரமுடியாது. ஒரு தடவ திரும்பு தாயீ."

அவ திரும்பினா. ஒரு சத்தமில்ல, ஐஸுல ஒரு கீறலில்ல. எந்தப்பக்கம் நின்னவங்களுக்கும் ஒண்ணாத் திரும்பினா.

தோடு இருந்துச்சு. மூக்குத்தி இருந்துச்சு. நெத்திச்சுட்டி வகுடுல இருந்துச்சு. அதுக்கெல்லாம் நடுவுல முகம் இல்ல. கண்ணாடி மாதிரி தெளிஞ்ச வெறும் ஐஸு, அதுக்கு அந்தப்பக்கம் நிக்கிற ஆளு தெரியுது. யாராவது ஒருத்தராச்சும் பாத்திருந்தாத்தான அந்தப் பிள்ளைக்கு முகம்னு ஒண்ணு இருந்திருக்கும்? பாக்காமலே சுத்திக் கொண்டுபோய்ப் புதைச்சுட்டாங்க, அது பாவம் எத வச்சிக்கிட்டு வளரும்? எனக்கு அன்னைக்குத்தான் அது உறைச்சுச்சு. என்னையறியாம சிலுவை போட்டுக்கிட்டேன்.

அம்மா பாத்துக்கிட்டே நின்னாங்க. ஆதிலிங்கம், "ஊத்துங்கம்மா, சீக்கிரம் ஊத்துங்க, கை விறைக்குது" அப்படின்னாரு.

"முகமில்லாத பிள்ளைய எப்படிய்யா அடுத்த வீட்டுக்கு அனுப்புவேன்?" அப்படின்னு கேட்டாங்க அம்மா. ரொம்ப சாதாரணமாக் கேட்டாங்க, எண்ணெய் வைக்காத தலையோட எப்படி அனுப்புவேன்னு கேக்குற மாதிரி. "எல்லாச் சீரும் வச்சேன். ஒண்ணு மட்டும் பாக்கி வச்சிட்டேன்."

சொம்புத் தண்ணிய அப்படியே தரையில கவுத்தினாங்க. ரெண்டடி முன்னால போயி, ஐஸ ரெண்டு கையாலயும் கட்டிப்பிடிச்சு, அந்த வெறும் எடத்துல தன் முகத்த வச்சு அமுத்தினாங்க. கைக்குக் கை வச்ச மாதிரி முகத்துக்கு முகம். ஆதிலிங்கம் இழுத்துப் பாத்தாரு, முடியல, நானும் மிக்கேலும் தோளப் பிடிச்சு இழுத்தோம், கல்லு மாதிரி நின்னாங்க. ஐஸு உருகித் தண்ணி அவங்க கன்னம் வழியா, கழுத்து வழியா எறங்கி, எங்க காலடி வரைக்கும் வந்துச்சு. மாப்பிள்ள வீட்டுக்காரங்க எப்ப எந்திரிச்சாங்க, எப்ப காரு ஏறினாங்கன்னு ஒருத்தருக்கும் தெரியாது. தாரை வாக்காத கல்யாணம் கல்யாணமில்ல, அவங்க அந்தப் பேச்சையே பெறவு எடுக்கல. அந்தப் பையன் கை மட்டும் ரெண்டு மாசத்துக்கு வெயில்ல காட்டினாலும் சூடே ஏறலையாம்.

பதினோரு மணிச் சங்கு ஊதும்போது அம்மா முகத்த எடுத்தாங்க.

ஐஸுக்குள்ள பூரணத்துக்கு முகம் வந்திருந்துச்சு. அகல நெத்தி, சேந்த புருவம், இடது நாடியில ஒரு மச்சம், கல்யாணம் முடிஞ்சு வந்த புதுசுல ராஜகனியம்மா எப்படி இருந்தாங்களோ அப்படியே இருந்தா. கண்ணத் தெறந்து தன் ஆத்தாளப் பாத்துச் சிரிச்சா. ஊரு பூராவும் பாத்துச்சு, யாரும் இல்லன்னு சொல்லமுடியாது. "எம்பிள்ள அழகுல்லா சலேத்து?" அப்படின்னு அம்மா என் பக்கம் திரும்பினாங்க.

நான் அம்மா முகத்தப் பாத்தேன். அவங்களுக்குக் கண்ணு இருந்துச்சு, மூக்கு இருந்துச்சு, வாய் இருந்துச்சு. எல்லாம் இருந்துச்சு, ஆனா அது முகமாச் சேரல. இந்தா பாத்துக்கிட்டிருக்கேன், இமைய மூடினா எப்படி இருந்தாங்கன்னு தெரியல. சீலைய வச்சும் குரல வச்சும்தான் இது நம்ம அம்மான்னு புரிஞ்சுக்கிடணும்.

அன்னைக்கு மத்தியானம் வீட்டுக்குப் போன ஆதிலிங்கம் நடுவீட்டுல மாட்டியிருந்த கல்யாணப் போட்டோவப் பாத்தாரு. அப்பா இருந்தாரு. பக்கத்துல கூரைப்பட்டும் நகையும் இருந்துச்சு, முகம் இருந்த எடம் வெள்ளையா இருந்துச்சு. ஆல்பத்தப் புரட்டினாரு, தன்ன மடியில வச்சிருக்கிற படத்துலயும் வெள்ளை. ஆபீஸுக்கு ஓடினாரு, பெட்ரோல் பங்குக்கு ஓடினாரு, மண்டபத்துக்கு ஓடினாரு. ஊருல அத்தனை டீக்கடையிலயும், அத்தனை சலூன்லயும், அத்தனை வீட்டு நடையிலயும் தொங்கின அத்தனை காலண்டர்லயும் அண்ணாச்சி தன்னந்தனியா ஒரு வெள்ளை வட்டத்துக்குப் பக்கத்துல உக்காந்திருந்தாரு. எங்க வீட்டுக் காலண்டரையும் கழட்டி வெளிச்சத்துல வச்சுப் பாத்தாரு, அவ்வளவு பெரிய மொதலாளி என் வாசப்படியில உக்காந்து குலுங்கிக் குலுங்கி அழுதாரு. "சலேத்தக்கா, எங்கம்மா எப்படி இருப்பாங்கன்னு எனக்கு ஞாபகம் வரமாட்டேங்குதுக்கா" அப்படின்னாரு. திட்டணும்னுதான் நினைச்சேன், முடியல. தண்ணி குடுத்தேன்.

மறுநாளு கைக்கட்டி வரல. பழைய அளவுப் பாரு ஒண்ணுல முகம் வந்துச்சு. அதுலேருந்து தினம் முகம்தான். போட்டுக்காரங்க, "இத உடைக்க எங்களுக்குக் கை வராது, எங்களுக்கு வேண்டாம்" அப்படின்னுட்டாங்க, இப்ப எந்தப் போட்டுலயும் மீனு அஞ்சு நாளைக்கு மேல தாங்கல, யாரும் கொற சொல்லவும் இல்ல. ஐஸ் பாக்டரிய விக்கிற பேச்ச ஆதிலிங்கமே நிப்பாட்டிட்டாரு, போர்டுக்கு அவரே நின்னு பெயிண்ட் அடிச்சாரு. அவரு சம்சாரத்துக்கு இப்ப எட்டு மாசம். வளைகாப்பு முடிஞ்சு போச்சு, வானம் தோண்டல, போர்டுக்குப் பலகைகூட வாங்கல. பிள்ள வரட்டும், முகத்தப் பாத்துக்கிடுவோம், பெறவு பாக்கலாம்னுட்டாரு.

தினம் காலையில பதினோரு மணிக்கு ரெண்டு பேரும் வாராங்க. அம்மா சாக்குல உக்காந்து மகளப் பாப்பாங்க. ஆதிலிங்கம் பக்கத்துல செருப்பக் கழட்டிப்போட்டுட்டு நிப்பாரு, அவருக்கும் அவங்க அம்மா முகம் அந்த ஒரு எடத்துலதான இருக்கு. நேத்து கேட்டாரு, நான் கேன் கழுவிக்கிட்டே கேட்டுக்கிட்டிருந்தேன்.

"அம்மா, எம்மேல கோவமா?"

"இல்லய்யா" அப்படின்னாங்க அம்மா.

நெசமாத்தான் சொல்லுதாங்களா, சும்மா சொல்லுதாங்களா? முகத்தப் பாத்தாத்தான தெரியும். அவரு அம்மா பக்கம் திரும்பிப் பாத்தாரு, ஒண்ணும் பிடிபடல. பெறவு குனிஞ்சு ஐஸுக்குள்ள இருக்கிற முகத்தப் பாத்தாரு. இந்தப்பக்கம் போயிப் பாத்தாரு, அந்தப்பக்கம் போயிப் பாத்தாரு, மண்டி போட்டுப் பாத்தாரு. அந்தக் கண்ணு ஒரு தடவகூட அவரு பக்கம் திரும்பல. அது அம்மாவத்தான் பாத்துக்கிட்டிருந்துச்சு.